ராமையா குடித்திருக்கவில்லை

தம்பி,

பட்டிப்பொலவில் மழை விட்டதா, தேவாங்குகளைக் கணக்கெடுக்கக் காட்டுக்குள் போகும்போது காதை மூடிக்கொள்கிறாயா என்றெல்லாம் கேட்டுத்தான் என் கடிதங்கள் தொடங்கும். இந்த முறை அதைக் கேட்கும் துணிச்சல் எனக்கில்லை. போனில் சொல்லியிருக்கலாமே என்பாய். போனில் நீ நடுவே ஒரு தடவை "அப்பா" என்று கூப்பிட்டால் போதும், நான் பேச்சை மாற்றிவிடுவேன். என்னை எனக்குத் தெரியும். தாளுக்கு வாய் இல்லை, அதனால் தாளில் எழுதுகிறேன். எங்காவது தனியாக உட்கார்ந்து படி. கூட வேலை செய்யும் பையன்கள் பக்கத்தில் இருக்க வேண்டாம்.

போன ஞாயிற்றுக்கிழமை மலர் வந்திருந்தாள். நோர்வூட்டில் பஸ் ஏறி, அட்டனில் மாறி, தலவாக்கலையில் இறங்கி இங்கே நம் வீட்டுக்கு நனைந்துகொண்டு வந்தாள். தையில் உன்னைக் கட்டிக்கொள்ளப் போகிறவள், இன்னும் அவளுக்கு 'மாமா' என்று வாயில் வரவில்லை. பழைய வாத்தியாரிடம் பேசுவதுபோல் நின்றுகொண்டேதான் பேசினாள். "சார், அம்மா ஒரே அடம் புடிக்கிறாங்க. கல்யாண மேடையில அப்பா படத்த வச்சு மால போடணுமாம். எனக்கு விருப்பமில்ல சார். குடிச்சிட்டுத் தண்ணி ஓடுற கான்ல விழுந்து செத்த மனுசன். அதுக்கப்பறம் ஸ்கூல்ல என்னைய என்ன பேரு சொல்லிக் கூப்புட்டாங்கன்னு ஒங்களுக்கே தெரியும். அந்த மொகத்த அன்னைக்கு நான் பாக்கணுமா? நீங்க ஒரு வார்த்த சொன்னா அம்மா கேப்பாங்க." நான் "பார்க்கலாம்மா" என்றேன். உள்ளே உன் அம்மா பாத்திரம் கழுவுவதை நிறுத்திவிட்டாள். மலர் தேத்தண்ணி குடித்துவிட்டு, என் காலைத் தொட்டுவிட்டுப் போனாள். 

சுற்றி வளைக்காமல் எழுதிவிடுகிறேன். மலரின் அப்பா ராமையா குடித்துச் சாகவில்லை. கானில் விழுந்தும் சாகவில்லை. நம் குவாட்டர்ஸ் பின்னால் நான் போட்டிருந்த காய்கறித் தோட்டத்தைச் சுற்றி ஒரு கம்பி கட்டி, அதில் வீட்டு மின்சாரத்தைக் கொடுத்திருந்தேன். அதில் பட்டுச் செத்தார். அவரைக் கானில் கொண்டுபோய்க் கிடத்தியது நான். இருபது வருடமாக இது எனக்கும் உன் அம்மாவுக்கும் மட்டும் தெரியும்.

அப்போது நாம் நோர்வூட் பக்கம் தேயிலைத் தோட்டப் பாடசாலையின் குவாட்டர்ஸில் இருந்தோம். உனக்கு எட்டு வயது. நானும் தொழிலாளர் லயத்தில் பிறந்தவன்தான், ஆனால் கணுக்கால்வரை தொங்கும் கால்சட்டையும் பொக்கெட்டில் பேனாவும் வந்த பிறகு லயத்துக் காம்பரா வீடுகள் பக்கம் போவதைக் குறைத்துக்கொண்டேன். குவாட்டர்ஸுக்குப் பின்னால் பத்துப் பாத்தி போட்டு உருளைக்கிழங்கும் லீக்ஸும் கரட்டும் வைத்திருந்தேன். அந்த மண்ணில் என் கிழங்குக்கு ஒரு பேர் இருந்தது. துரையின் பங்களாவுக்கே ஒரு தடவை அனுப்பினேன். சிரிக்காதே, அந்தக் காலத்தில் அது எனக்குப் பெரிய விசயம். பிறகு பன்றி வந்தது. பன்றிக்குப் பின்னால் செங்குரங்குக் கூட்டம் வந்தது. பன்றி இருட்டில் வந்து கிண்டிவிட்டுப் போகும். குரங்கு விடியும் நேரத்தில் வந்து, கரட்டைப் பிடுங்கி, மண்ணைத் தொடையில் துடைத்து, ஒரு கடி கடித்துவிட்டு அடுத்ததைப் பிடுங்கும். கன்னத்துப் பையை நிரப்பிக்கொண்டு கூரையில் ஏறி உட்கார்ந்து என்னையே பார்க்கும். அந்தப் பார்வைதான் எனக்கு ஆத்திரத்தைக் கொடுத்தது. மூன்று முறை பாத்தி முழுக்கப் போனது. நான்காம் முறை கம்பி கட்டினேன்.

இதைச் செய்தவன் யார் என்று நினைத்துப் பார். உயர்தர வகுப்பில் வருடம் தவறாமல், தேவாங்கு முதல் மனிதன்வரை சேர்ந்த முதனிகள் பாடத்தை வாய் வலிக்க நடத்தியவன். வேறு எந்தப் பாடத்துக்கும் நான் அவ்வளவு சோக்பீஸ் தேய்த்ததில்லை. ஒவ்வொரு வருடமும் ஒரு பிள்ளை எழுந்து அதே கேள்வியைக் கேட்கும்: "சார், கொரங்குதான் மனுசனாச்சுன்னா, இப்ப ஏன் சார் இன்னும் கொரங்கு இருக்கு?" வகுப்பே சிரிக்கும். நான் அதற்காகவே காத்திருப்பேன். குனிந்து நடக்கும் குரங்கு படிப்படியாக நிமிர்ந்து கடைசியில் மனிதனாகும் ஒரு படம் எல்லாப் புத்தகத்திலும் இருக்குமே, அது தப்பு என்பேன். குரங்கு மனிதனாக மாறவில்லை, குரங்குக்கும் நமக்கும் பொதுவாக ஒரு பழைய மூதாதை இருந்தது, அதிலிருந்து அது ஒரு பக்கம் போனது, நாம் ஒரு பக்கம் போனோம் என்பேன். பலகையில் ஒரு மரம் வரைவேன். முதல் பிரிவில் ஈர மூக்குக்காரர்கள், நீ இப்போது டோர்ச் பிடித்துத் தேடும் தேவாங்கு அங்கே. மறு பிரிவில் உலர்ந்த மூக்குக்காரர்கள். அதிலே வாலுள்ள குரங்குகள் ஒரு கிளை. இந்தக் கிளையும் இரண்டாகப் பிரியும், கன்னத்துப் பையில் தீனியை அடைக்கும் செங்குரங்கு ஒரு பக்கம், பல அறை வயிற்றில் இலையைப் புளிக்கவைத்துச் செரிக்கும் கருமந்தி மறுபக்கம். வாலில்லாக் குரங்குகளின் கிளையில் நாம். "இதுல யாரு மேல, யாரு கீழ?" என்று கேட்பேன். "யாரும் இல்ல சார்" என்று வகுப்பு கத்தும். எனக்கு உடம்பு சிலிர்க்கும்.

பாடம் நடத்திவிட்டு வீட்டுக்கு வந்தால் எனக்கு அது ஏணிதான். ஏணியின் அடியில் குரங்கு. அதற்கு ஒரு படி மேலே லயத்து ஆட்கள். அதற்கு மேலே நான். எனக்கு மேலே யாழ்ப்பாணத்திலிருந்து வந்த பாடசாலை அதிபர், அவர் என்னைத் தோட்டத்து ஆள் என்று பேசும்போது எனக்கு வயிறு எரியும். எரிந்த வயிற்றோடு வந்து நான் ராமையா மாதிரி ஆட்களிடம் காட்டுவேன். தேயிலைச் செடிக்குக் கவ்வாத்து வெட்டுகிற ராமையா நல்ல வேலைக்காரர், சம்பள நாளில் கள்ளுத் தவறணைப் பக்கம் போவார், பாட்டுப் பாடிக்கொண்டு வருவார், அவ்வளவுதான். நான் அவரிடம் இரண்டு வார்த்தைக்கு மேல் பேசியதில்லை.

கம்பியைப் பற்றி நான் யாருக்கும் சொல்லவில்லை. சொன்னால் சட்டப்படி தப்பு என்று மேற்பார்வை பார்க்கும் கண்டாக்கையா வந்து நிற்பார். என் பாத்திகளை ஒட்டித்தான், தண்ணீர் பிடிக்கும் பீலிக்குப் போகும் வழி. ஆறு மணிக்கு முன்னால் தண்ணிக்கு யாரும் வருவதில்லை, வேலைக்குப் பேர் பதியும் பெரட்டுக்குப் போகும் அவசரத்தில்தான் வருவார்கள். அதனால் இருட்டில் பன்றிக்காகக் கரண்டைப் போட்டுவிட்டு, ஐந்தரைக்கு எழுந்து ப்ளக்கைப் பிடுங்கிவிடுவேன். முதலில் அப்படித்தான் செய்தேன். ஆனால் குரங்கு வருவது ஐந்தரைக்குப் பிறகு. அதனால் ஆறு வரைக்கும் விட்டுவைத்தேன். அந்த அரை மணி நேரத்தை நான் தெரிந்தேதான் கூட்டினேன். பன்றிக்காகக் கட்டினேன் என்று யாராவது சொன்னால் நம்பாதே.

முதல் வாரத்தில் ஒரு கிழட்டுக் குரங்கு செத்தது. அதைப் புதைக்கும்போது கையைப் பார்த்தேன். கம்பியை இறுகப் பற்றியபடியே இருந்தது. நமக்கும் அதற்கும் ஒரே கைதான். நகம் தட்டையாக, விரல் நுனியில் ரேகையோடு, பெருவிரல் மற்ற விரல்களுக்கு எதிராக மடங்குகிற கை. கிளையைப் பிடித்துத் தொங்கியவர்களுக்கு விரலை மடக்குகிற தசைதான் பலமாக வளர்ந்தது, விரிக்கிற தசைக்கு அந்தப் பலம் இல்லை. மின்சாரம் பாய்ந்தால் எல்லாத் தசையும் ஒன்றாய் இழுக்கும், பலமானது ஜெயிக்கும். கை மூடிக்கொள்ளும், திறக்காது. நாய் மூக்கை வைத்தால் துள்ளி ஓடிவிடும், பிடிக்கத் தெரிந்த பிராணிதான் மாட்டிக்கொள்ளும். இதெல்லாம் அப்போதே எனக்குப் புரிந்தது. அடுத்த பாடத்துக்கு நல்ல உதாரணம் என்றுகூட நினைத்தேன். மனிதக் கைக்கும் இதே கதிதானே என்று ஒரு நிமிடம் நின்று யோசித்திருந்தால் போதும், யோசிக்கவில்லை.

அன்று சனிக்கிழமை, நல்ல பனிமூட்டம். ஆறு மணிக்குப் பின்பக்கம் போனபோது வேலியில் ஏதோ சாய்ந்திருந்தது. பெரிய குரங்கு ஒன்று மாட்டிவிட்டது என்று நினைத்தேன். சந்தோசப்பட்டேன், தம்பி. அதையும் எழுதத்தான் வேண்டும். கிட்டப் போனபிறகுதான் பழைய மண்ணிற ஸ்வெட்டர் தெரிந்தது. ஓடிப்போய் ப்ளக்கைப் பிடுங்கினேன், அதற்குள் எல்லாம் முடிந்துபோயிருந்தது. வேலிக்கு அடியில் ஒரு பெண்குரங்கு செத்துக் கிடந்தது. ராமையாவின் நெஞ்சில், அந்த ஸ்வெட்டரின் கம்பளியை நாலு கையாலும் பிடித்துக்கொண்டு அதன் குட்டி தொங்கிக்கொண்டிருந்தது. உயிரோடு. அவர் மனைவி செல்லம்மாவுக்குக் காய்ச்சல் என்பதால் தண்ணிக்குத் தானே, வழக்கத்தைவிட நேரத்தோடு கிளம்பி வந்திருக்கிறார், வாளி வழியில் இருந்தது. தாயின் மேல் ஒட்டிக்கொண்டு கத்திய குட்டியைத் தூக்கக் குனிந்திருக்க வேண்டும். தூக்கியதும் ஈரத்தில் கால் வழுக்கி, விழாமல் இருக்கக் கைக்குக் கிடைத்ததைப் பிடித்திருக்கிறார். வேறு எப்படி நடந்திருக்க முடியும் என்று இருபது வருடமாக யோசித்துப் பார்க்கிறேன், வேறு மாதிரி வரவில்லை.

அந்த விரல்களை ஒவ்வொன்றாகப் பிரித்தேன். வலது உள்ளங்கையில் கறுப்பாக ஒரு கோடு. குட்டியின் விரல்களையும் ஒவ்வொன்றாகப் பிரித்தேன், ஒன்றைப் பிரித்தால் இன்னொன்றால் பிடித்தது. அதைத் தூக்கித் தேயிலைச் செடிமேல் போட்டுவிட்டு, ராமையாவை இழுத்துக்கொண்டுபோய்க் கீழே கானில் கிடத்தினேன். கம்பியைச் சுருட்டிக் கக்கூஸ் குழிக்குள் போட்டேன். செத்த குரங்கைப் பாத்தியில் புதைத்தேன். திரும்பினால் உன் அம்மா குசினி வாசலில் நின்றாள்.  எனக்குக் கை கழுவத் தண்ணீர் ஊற்றினாள்.

இதுவரை நடந்ததை விபத்து என்று சொல்லித் தப்பப் பார்க்கலாம். மத்தியானம் நடந்ததை அப்படிச் சொல்ல முடியாது. பொலிஸ்காரர் ஒருவரும் மரண விசாரணை அதிகாரியும் வந்தார்கள். இரண்டு பேருக்கும் சிங்களம் மட்டும்தான். செல்லம்மாவுக்குத் தமிழ் மட்டும்தான். நம் தோட்டத்தில் இப்படி நேரத்தில் யாரைக் கூப்பிடுவார்கள்? மாஸ்டரை. கடிதம் வாசிக்க, பத்திரம் நிரப்ப, ஆசுபத்திரியில் நோயைச் சொல்ல எல்லாவற்றுக்கும் என்னைத்தான் கூப்பிடுவார்கள். அன்றும் கூப்பிட்டார்கள். செல்லம்மா காய்ச்சலோடு சுவரில் சாய்ந்துகொண்டு சொன்னாள்: "சார், அவரு நேத்து குடிக்கவே இல்ல. சத்தியமா இல்ல. சம்பளத்துக்கு இன்னும் நாளு கெடக்கு, எங்கருந்து குடிப்பாரு? கையப் பாக்கச் சொல்லுங்க சார். உள்ளங்கை கருகிக் கெடக்கு. என்னமோ நடந்திருக்கு. வெட்டிப் பாக்கச் சொல்லுங்க." அதிகாரி என் முகத்தைப் பார்த்தார். நான் சிங்களத்தில் சொன்னேன்: கணவர் வழக்கமாகக் குடிப்பவர், நேற்றும் குடித்தார், விடியற்காலை தள்ளாடிக்கொண்டு போனார், உடலை வெட்டாமல் சீக்கிரம் கொடுத்தால் நல்லது என்று கேட்கிறாள். ஒரு மூச்சில் சொல்லிவிட்டேன். கவ்வாத்துக் கத்தி பிடித்துக் காய்த்துப்போன கையில் ஒரு கோட்டை யார் தேடப் போகிறார்கள்? அவர் எழுதினார். அவள் அதன் கீழே விரல் ஒற்றினாள். "சொல்லிட்டீங்களா சார்?" என்று கேட்டாள். "சொல்லிட்டேன்மா" என்றேன்.

சுற்றி நின்ற ஐம்பது பேரில் சிங்களம் தெரிந்தவர்கள் இருந்திருப்பார்கள். யாரும் மறுக்கவில்லை. மாஸ்டர் சொன்னால் சரியாகத்தான் இருக்கும் என்று நினைத்திருப்பார்கள், அல்லது தோட்டத்து ஆள் குடித்துத்தான் சாவான் என்று அவர்களுக்கும் தோன்றியிருக்கும். என் ஏணி அவர்கள் தலைக்குள்ளும் இருந்தது, நான்தான் வகுப்பில் அதை அழித்துக்கொண்டிருந்தேன்.

அன்றைக்குச் சாயங்காலம் நீ ஜன்னலில் நின்று, "அப்பா, குட்டி ஒண்ணு கத்துதுப்பா, எறக்கிட்டு வரவா?" என்று கேட்டாய். நான் உன்னை அறைந்தேன். உன் பக்கம் நான் கை ஓங்கியது அந்த ஒரு தடவைதான். பரீட்சைக்குப் படிக்காமல் வேடிக்கை பார்த்ததற்காக அடித்தேன் என்று பிறகு உன்னிடமே சொன்னேன், நீயும் அதைச் சிரித்துக்கொண்டு எல்லோரிடமும் சொல்வாய். முதனிக் குட்டி தாயைப் பிடித்துக்கொண்டுதான் உயிர் வாழும், பிடிக்க ஒன்றும் இல்லாவிட்டால் நாள் கணக்கில்கூடத் தாங்காது என்று உனக்கு நான் சொல்லித்தரத் தேவையில்லை. மறுநாள் மத்தியானத்தோடு சத்தம் நின்றுவிட்டது.

அதற்குப் பிறகு மலரைக் கூப்பிட்டுப் படிப்பித்தேன். ஒன்பது வருடம், ஒரு பிள்ளைக்கும் கொடுக்காத நேரத்தை அவளுக்குக் கொடுத்தேன். தகப்பனில்லாத பிள்ளைக்கு மாஸ்டர் தகப்பனாக இருக்கிறார் என்று ஊர் சொன்னது. அதைக் காதில் கேட்டுக்கொண்டு சும்மா இருந்தேன். நம் வீட்டு மேசையில்தான் நீங்கள் இரண்டு பேரும் எதிரெதிரே உட்கார்ந்து படித்தீர்கள். உங்களுக்குள் விருப்பம் வந்ததை முதலில் கண்டுபிடித்தது உன் அம்மா. அன்று அவள் சோறு சாப்பிடவில்லை. மலரைப் பிடிக்காததால் அம்மா ஒதுங்கி இருக்கிறாள் என்று நீ மனத்தாங்கல் பட்டாயே, காரணம் அது இல்லை. அந்தப் பிள்ளையின் முகத்தைப் பார்க்க அவளால் முடியவில்லை.

மலர் வந்துபோன பிறகு உன் அம்மாவிடம், எல்லா உண்மையையும் சொல்லிவிடப் போகிறேன் என்றேன். அவள் கோபப்படவில்லை, கெஞ்சினாள். "இருவது வருசமா பொத்தி வச்சத இப்ப ஏங்க தொறக்குறீங்க? அவரு திரும்பி வரப்போறாரா? நம்ம பயலுக்கு அந்தப் புள்ளைன்னா உசுரு. ரெண்டு பேரையும் நாசமாக்கிட்டு நீங்க மட்டும் நிம்மதியா தூங்கப் போறீங்களா?" கடைசிக் கேள்வி என்னைக் குத்தியது. அதில் உண்மை இருக்கிறது. சொல்லிவிட்டால் என் நெஞ்சு லேசாகும், பாரம் உங்கள் தலையில் ஏறும். மலர் மட்டும் அந்தப் பேச்சுப் பேசாமல் இருந்திருந்தால், வெட்கத்தோடு எழுதுகிறேன், நான் இப்படியே செத்தும் போயிருப்பேன். ஆனால் அவள் வெறுப்பது ராமையாவை அல்ல, நான் சிங்களத்தில் செய்த ஒரு மனிதனை. அவளுடைய உண்மையான அப்பா, யாரோ ஒரு பிராணியின் குட்டி கத்துகிறதே என்று வேலைக்குப் போகிற அவசரத்திலும் குனிந்தவர். உயிரை எடுத்தது போதாதென்று மகள் மனதில் அவருக்கிருந்த இடத்தையும் எடுத்துக்கொண்டேன். இப்போது அந்தப் பெண் அவரை மேடையில் வைக்க வேண்டாம் என்று சொல்ல என்னையே அனுப்புகிறாள்.

உனக்குப் புத்திமதி சொல்ல எனக்கு என்ன யோக்கியதை? ஆனாலும் அப்பன் புத்தி போகாது, இரண்டு சொல்கிறேன். நீ தேவாங்கைக் கண்ட இடத்தில் கண்டதை மட்டும் எழுதுகிறாய், காணாததை எழுதுவதில்லை என்று உன் மேலதிகாரி மெச்சியதாகச் சொன்னாய். மனிதர் விசயத்திலும் அப்படி இரு. இன்னொன்று, காட்டோரத்து ஆட்களுக்கும் அதிகாரிகளுக்கும் நடுவில் நின்று நீ அடிக்கடி மொழிபெயர்த்துச் சொல்ல வேண்டி வரும். அவர்கள் சொன்னதை முழுக்கச் சொல். உனக்குப் பாதகமானதை முதலில் சொல்.

இந்தக் கடிதத்தை முதலில் வேறு மாதிரி முடித்திருந்தேன். மலரிடம் நீயே பக்குவமாக எடுத்துச் சொல், கல்யாணத்தை நிறுத்துவதும் நடத்துவதும் உங்கள் இஷ்டம் என்று எழுதியிருந்தேன். எழுதி முடித்து வாசித்தபோது என் லட்சணம் தெரிந்தது. அன்று செல்லம்மா வாயை நான் எடுத்துக்கொண்டேன், இன்று என் வாயை உன்னிடம் தள்ளிவிடப் பார்க்கிறேன். அந்தப் பக்கத்தைக் கிழித்து அடுப்பில் போட்டுவிட்டேன்.

நாளைக் காலை முதல் பஸ்ஸில் நோர்வூட் போகிறேன். செல்லம்மாவிடமும் மலரிடமும் நேரில் சொல்வேன், நடுவில் யாரும் இல்லாமல், எல்லாவற்றையும். அவர்கள் கதவைச் சாத்தினால் லயத்து வாசலில் நின்று எல்லோருக்கும் கேட்கச் சொல்வேன். அங்கிருந்து பொலிஸுக்குப் போய்ச் சிங்களத்தில் சொல்வேன். உன் அம்மாவுக்கு ஒன்றும் தெரியாது என்று அங்கே பொய் சொல்லப் போவதில்லை, அவளும் அதற்குத் தயாராகிவிட்டாள். இந்தக் கடிதம் ரயிலில் வந்து உன் கையில் சேரும்போது எல்லாம் முடிந்திருக்கும். மலர் உன் போனை எடுக்காமல் இருக்கலாம். நம் வீட்டு மருமகளாக வர மாட்டேன் என்று சொல்லியிருக்கலாம். அப்படிச் சொன்னால் அவளிடம் வாதாடாதே, என் வயதைச் சொல்லி இரக்கம் கேட்காதே, மன்னிக்கச் சொல்லி ஒரு வார்த்தை பேசாதே. நேராக இங்கே ஓடி வராதே. எனக்கு என்ன ஆகிறது என்று பார்க்க வேண்டாம். முதலில் நோர்வூட் போ. அவள் அழுவது அவள் அப்பாவுக்காக, முதல் தடவையாக. உள்ளே விடுவார்களோ இல்லையோ, அவர்கள் வாசலில் இரு.

அப்பா